நேற்றைக்குப் போகப் படித்தவர்

பெயர்ப்பலகை எழுத வந்த பெயிண்டர் ஓர் எழுத்தை விழுங்கிவிட்டான். ‘காலப்பயண ஆய்வுக் கழகம்’ என்று வரவேண்டியது ‘காலப்பயண ஆய்வு கழகம்’ என்று வந்துவிட்டது. ஏணியில் நின்றபடியே, “எடம் கெடக்கு சாரே, நடுவுல சின்னதா ஒரு க் சொருகிரலாம். ஒருத்தனுக்கும் தெரியாது” என்றான். கீழே அண்ணாந்து பார்த்துக்கொண்டு நின்றவர் மாட்டேன் என்று தலையை ஆட்டினார். பலகையை இறக்கச் சொன்னார். முழுவதும் வெள்ளையடித்துக் காயவைத்து, முதல் எழுத்திலிருந்து மறுபடி எழுதவைத்தார்.

“தப்பு எங்க வந்துதோ, அதுக்கு முன்னால போயித் தொடங்கணும். நடுவுல ஒட்டுப் போட்டா அது கடைசி வரைக்கும் ஒட்டுதான்” என்றார் என்னைப் பார்த்து. நான் அதுவரை அவரிடம் ஒரு வார்த்தைகூடப் பேசியிருக்கவில்லை. தக்கலையில் என் ஜெராக்ஸ் கடைக்கு மேல்மாடியை அவர் எடுத்து அன்றோடு ஒரு வாரம் ஆகியிருந்தது.

அவர் பெயரை இங்கே எழுதவில்லை. எழுதினால் தெரிந்தவர்களுக்குச் சங்கடம். நாங்கள் அவரைப் பிரின்சி என்றுதான் சொல்வோம். ஒரு கல்லூரியில் இயற்பியல் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். அங்கே அவர் பிரின்சிபாலாக இருந்ததில்லை. எங்கள் கழகத்துக்கு மட்டும்தான் பிரின்சிபால். உயரமான, ஒடிசலான உடம்பு. வெள்ளை முழுக்கைச் சட்டை. குரல் மட்டும் அந்த உயரத்துக்குப் பொருந்தாமல் தணிந்து வரும். கடைசி பெஞ்சில் இருப்பவர்கள் “சாரே, கொஞ்சம் ஒறக்கப் பேசுங்க” என்று கத்தவேண்டும்.

ஞாயிற்றுக்கிழமை மதியத்துக்கு மேல்தான் வகுப்பு. முதல் சில வாரம் ஊரே சிரித்தது. எதிர்த்த சாயாக்கடையில் இருந்தவர்கள் அவர் படியேறும்போது, “மெஷின் வந்தாச்சா சாரே?” என்று கேட்பார்கள். “மெஷின் பெறவு. மொதல்ல பாடம்” என்று அவரும் நின்று பதில் சொல்லிவிட்டுத்தான் போவார். பத்மநாபபுரம் அரண்மனை பார்க்க வந்த வெளியூர்க்காரர்கள் சிலர் பலகையைப் பார்த்துவிட்டு, இதுவும் ஏதோ மியூசியம் போல என்று மேலே ஏறிவிடுவார்கள். அவர்களையும் உட்காரவைத்து, வேகமாகப் போகிறவனுக்குக் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பதைக் கரும்பலகையில் போட்டுக் காட்டுவார். “முன்னால போறதுக்குக் கணக்கு உண்டு. அது நடக்கும். பின்னால போறதுக்குத்தான் இன்னும் வழி தெரியல்ல. அதைத்தான் நாம இங்க படிக்கப் போறோம்.” யாரையும் ஏமாற்றமாட்டார். முடியுமா என்று கேட்டால் தெரியாது என்பார். ஆனால் தெரியாது என்று அவர் சொல்லும்போது, முடியாது என்று சொன்னதுபோல ஒருநாளும் இருக்காது.

நான் மேலே போகத் தொடங்கியது பாடத்துக்காக அல்ல. ஞாயிற்றுக்கிழமை கடையில் ஆள் வராது. மேலே வடையும் சாயாவும் உண்டு. அவ்வளவுதான். அங்கே ஒரு வழக்கம் இருந்தது. புதிதாக வருகிறவர், தான் திரும்பிப் போக விரும்பும் நாள் எது என்று சொல்லவேண்டும். நான் என் கல்யாண நாளைச் சொன்னேன். வந்தவர்களைக் கவனிக்கிற அவசரத்தில் அன்று அடைப்பிரதமன் பாயசம் ஒரு வாய்கூட எனக்குக் கிடைக்கவில்லை, போய்க் குடித்துவிட்டு வந்துவிடுவேன் என்றேன். எல்லாரும் சிரித்தார்கள். பிரின்சி சிரிக்கவில்லை. “ஞாயமான காரணந்தான்” என்று சொல்லித் தலையாட்டினார்.

தேங்காப்பட்டணத்திலிருந்து ஒருவர் வருவார். ஷார்ஜாவில் பல வருஷம் வேலை பார்த்துவிட்டுத் திரும்பியவர். அவருடைய உம்மா இறந்தபோது லீவு கிடைக்காமல் அங்கேயே நின்றுபோனவர். அவருக்குச் சாவு நாள் வேண்டாம். கடைசியாக ஊரிலிருந்து கிளம்பிய நாள் போதும். உம்மா வாசலில் நின்று கை காட்டியபோது, டாக்ஸிக்காரன் அவசரப்படுத்துகிறான் என்று அவர் திரும்பிப் பார்க்கவில்லை.

அடுத்து இனயத்து அக்கா. கடற்கரையில் அவரை எல்லாருக்கும் தெரியும் என்பதால் ஊர்ப்பெயரோடு நிறுத்திக்கொள்கிறேன். சர்ச்சில் பூசை முடிந்ததும் அப்படியே பஸ் பிடித்து வந்துவிடுவார். அவருடைய மகன் ஒரு பைக் கேட்டிருக்கிறான். வீட்டில் சண்டை. மறுநாள் விடிய அவன் மீன்பிடி வள்ளத்துக்குக் கிளம்பும்போது, “அம்மா, போயிட்டு வாறேன்” என்றிருக்கிறான். இவர் அடுப்பைப் பார்த்துத் திரும்பி நின்றுவிட்டார். அந்த வள்ளம் புயலில் போய்விட்டது. அவன் உடம்புகூடக் கரைக்கு வரவில்லை. “அவனத் தடுக்கணும்னுகூட நான் கேக்கல்ல சாரே. சரி மக்கான்னு ஒரு வார்த்த சொல்லணும். அம்புட்டுத்தான்” என்று அவர் சொன்ன அன்றைக்கு யாரும் வடையைத் தொடவில்லை.

பிரின்சி மட்டும் தன் நாளைச் சொன்னதே இல்லை. கேட்டால், “வாத்தியான் கடைசியில சொல்லுவான்” என்று கரும்பலகைப் பக்கம் திரும்பிவிடுவார். மனைவி இறந்து வெகுகாலமாகிவிட்டது என்று எங்களுக்குத் தெரியும். தனியாக இருக்கிற மனிதர். அந்த அம்மாவோடு இருந்த ஏதோ ஒரு நாளாக இருக்கும் என்று நாங்களே முடிவுசெய்துகொண்டோம்.

அவரோடு பழகப் பழக, அந்தப் பலகை விஷயம் ஒருநாள் பிடிவாதம் அல்ல, அவர் ஆளே அப்படித்தான் என்று புரிந்தது. என் கடையில் பக்கங்களை நகல் எடுப்பார். நடுவில் ஒரு தாளில் மை தீற்றியிருந்தால் அந்தத் தாளை மட்டும் மாற்ற விடமாட்டார். முதல் தாளிலிருந்து எடுக்கவேண்டும். வகுப்பில் கரும்பலகை நிறையக் கணக்குப் போட்டு, கடைசி வரியில் பிழை தெரிந்தால், பிழை வந்த வரியைத் திருத்தமாட்டார். மொத்தத்தையும் அழித்துவிட்டு மேலேயிருந்து தொடங்குவார். “சாரே, எனக்க பஸ் போவும்” என்று இனயத்து அக்கா எழும்பி நிற்பார். அவர் காதில் அது விழாது.

ஒருதடவை திருவட்டாற்றில் ஒரு கல்யாணத்துக்கு அவர் ஸ்கூட்டரில் பின்னால் உட்கார்ந்து போனேன். பேச்சு மும்முரத்தில், அழகியமண்டபத்தில் வலதுபக்கம் திரும்ப மறந்து நேரே போய்விட்டார். வெகுதூரம் போனபிறகுதான் தெரிந்தது. ரோட்டோரம் நின்ற ஒருவர், “இந்தக் கால்வாய்க்கரை வழியாட்டு ஏறினா செத்த நேரத்துல திருவட்டாறு போயிரலாம்” என்று வழி காட்டினார். பிரின்சி அவருக்கு நன்றி சொன்னார். வண்டியைத் திருப்பினார். வந்த வழியெல்லாம் திரும்பிப் போய், அழகியமண்டபம் சந்திப்பில் ஒரு நிமிஷம் வண்டியை நிறுத்திவிட்டு, அப்போதுதான் வந்து சேர்ந்தவர்போல் வலதுபக்கம் திரும்பினார். நாங்கள் போய்ச் சேரும்போது பந்தலில் இலை எடுத்துக்கொண்டிருந்தார்கள். இரண்டாவது தடவையும் எனக்குப் பிரதமன் போயிற்று. அன்று அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தோம்.

சிரிக்க முடியாமல் போனது ஷார்ஜாக்காரர் விஷயத்தில்தான். ஒரு ஞாயிற்றுக்கிழமை வகுப்பு நடுவில் அவர் போன் அடித்தது. பிரின்சி என்ன நினைப்பில் இருந்தாரோ, “கவனம் இல்லாதவன் இங்க வரண்டாம். எழும்பிப் போவும்” என்று சொல்லிவிட்டார். அந்த மனுஷன் எழுந்து போய்விட்டார். மகளுக்குப் பிரசவம் ஆகியிருக்கிறது, அந்தச் செய்திதான் போனில் வந்தது என்று பிறகு தெரிந்தது. பிரின்சி துடித்துப்போனார். அடுத்த வாரம் எங்களையெல்லாம் போனவாரம் உட்கார்ந்த அதே இடத்தில் உட்காரச் சொன்னார். அதே வடை வாங்கிவைத்திருந்தார். அதே பாடத்தை அதே வரியிலிருந்து நடத்தினார். நடுவில் ஷார்ஜாக்காரரைப் பார்த்து, “ஒம்ம போனு அடிக்கணுமே, இப்ப அடிக்கச் சொல்லும்” என்றார். அவர் விழித்தார். நான்தான் என் போனிலிருந்து அவருக்கு அடித்தேன். மணி அடித்ததும் பிரின்சி சாக்பீஸைக் கீழே வைத்துவிட்டு, முகமெல்லாம் மலர்ந்து, “எடுத்துப் பேசும். நல்ல சேதியாட்டுதான் இருக்கும்” என்றார்.

ஷார்ஜாக்காரருக்குக் கண் கலங்கிவிட்டது. “என்னத்துக்கு சாரே இம்புட்டும்? மன்னிச்சிக்கிடும்னு ஒரு வார்த்த சொன்னாப் போராதா?”

“மன்னிப்புக் கேட்டா, செஞ்சது செஞ்சபடிதானே கெடக்கும்?” என்றார் பிரின்சி.

அந்தக் கேள்வியை அவர் கேட்ட விதம் எனக்கு ஒரு மாதிரி இருந்தது. பதில் தெரிந்துகொள்ள ஆசைப்பட்டு ஒரு பிள்ளை கேட்பதுபோலக் கேட்டார்.

பின்னொரு ஞாயிற்றுக்கிழமை. மேலே வகுப்பு நடக்கிறது. நான் கடையில் ஒரு அவசர வேலையாக நின்றேன். ஒரு பெண் ஏதோ சான்றிதழை நகல் எடுக்க வந்தாள். முப்பத்தைந்து வயது இருக்கலாம். எத்தனை நகல் என்று கேட்டேன். அவள் முகத்தைத் திருப்பி வலது காதை என் பக்கம் கொடுத்து, “இந்தப் பக்கமாட்டுச் சொல்லுங்க அண்ணே, அந்தக் காது செரியாக் கேக்காது” என்றாள். நகலை வாங்கியபிறகும் போகவில்லை. படிக்கட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டு நின்றாள்.

“அந்த மெஷினைக் கொஞ்சம் நிப்பாட்டுவியளா?”

நிறுத்தினேன். மேலேயிருந்து பிரின்சியின் குரல் படிவழியாக இறங்கி வந்தது. தணிந்த குரல்தான், ஆனாலும் அந்தப் படிக்கட்டில் நன்றாகக் கேட்கும். அவள் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு முதல் படியில் ஒரு காலை வைத்தபடி கேட்டுக்கொண்டிருந்தாள்.

“மேல போங்க. யாரு வேணும்னாலும் போகலாம்” என்றேன்.

“வேண்டாம். கேட்டாப் போதும்.” கொஞ்ச நேரம் கழித்து, “அப்பா மெலிஞ்சிட்டாரா?” என்று கேட்டாள்.

எனக்குச் சட்டென்று புரியவில்லை. “எந்த அப்பா?”

“மேல பேசுறது எங்கப்பாவாக்கும். நான் நாகர்கோவில்ல இருக்கேன். வந்தேன்னு சொல்லண்டாம்.”

அவள் ரோட்டைக் கடந்து பஸ் ஏறுகிற நேரத்தில்தான் இனயத்து அக்கா வந்து இறங்கினார். பூசை அன்று நீண்டுபோய்விட்டது. நான் இருந்த இருப்பைப் பார்த்து, “என்ன தம்பி, பேயறைஞ்ச மாதிரி நிக்க?” என்றார். பிரின்சியிடம் சொல்லண்டாம் என்றுதானே அவள் சொன்னாள் என்று நினைத்து அக்காவிடம் சொல்லிவிட்டேன். அக்கா திரும்பி ரோட்டைப் பார்த்தார். பஸ் போய்விட்டது. அப்புறம் அவர் படியேறிய வேகத்தில் நானும் பின்னாலேயே ஓடினேன்.

வகுப்பு பாதியில் இருந்தது. அக்கா தன் இடத்துக்குப் போகவில்லை. கரும்பலகைக்கு முன்னால் போய் நின்றார்.

“சாரே, ஒங்களுக்கு ஒரு மவ உண்டுமா? உயிரோட இருக்காளா?”

பிரின்சி சாக்பீஸைக் கீழே வைத்தார். கையிலிருந்த தூசியைத் தட்டினார். உட்கார்ந்தார். அவர் வகுப்பில் உட்கார்ந்து அன்றைக்குத்தான் நாங்கள் பார்த்தோம். பிறகு தன் நாளைச் சொன்னார்.

மகளைக் கட்டிக்கொடுத்த இடம் சரியில்லை. அது அவருக்கும் அரசல்புரசலாகத் தெரியும். ஒரு மழைநாளில் அவள் ஒரு பையோடு வந்து நின்றாள். ரெண்டு நாள் இருந்துட்டுப் போறேன்ப்பா என்றாள். இவர் அவளை உள்ளே கூப்பிடுவதற்கு முன்னால் பக்கத்து வீட்டு ஜன்னலைப் பார்த்தார். சொல்லாமல் வந்தால் பிரச்சினை பெரிதாகும், நான் வந்து பேசுகிறேன், நீ இப்போது போ என்றார். அவரே குடை பிடித்துக் கூட்டிக்கொண்டு போய்ச் சாயங்கால பஸ்ஸில் ஏற்றிவிட்டார். போய்ப் பேசுவதற்குள் அந்த வீட்டில் அவளுக்கு அடி விழுந்தது. இடது காது கேட்காமல் போனது. ஆஸ்பத்திரிக்கு இவர் போனார். வார்டு வாசல்வரை போனவர், எந்த முகத்தோடு உள்ளே போவது என்று திரும்பிவிட்டார். அவள் புருஷன் வீட்டை விட்டுத் தானே விலகினாள், தானே ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை தேடிக்கொண்டாள், தானே ஒரு வீடு பார்த்துக்கொண்டாள். அப்பாவிடம் ஒன்றும் கேட்கவில்லை. அவரும் போகவில்லை.

“அந்த மழைக்குப் போகணும்” என்றார். “அவ வாசல்ல நிக்கும்போ உள்ள வா மக்களேன்னு சொல்லணும். அதுக்குத்தான் படிக்கேன்.”

அக்காதான் பேசினார். குரல் உயர்ந்தது. கோபமா அழுகையா என்று எனக்குத் தெரியவில்லை.

“சாரே, எனக்க மவன்கிட்ட போவதுக்கு எனக்கு ஒரு வழியும் கெடையாது. எனக்கும் அவனுக்கும் நடுவுல கெடக்கது கடலாக்கும். ஒங்களுக்கு நடுவுல கெடக்கது நாகர்கோவில் பஸ்ஸுல்லா! ஏறி ஒக்காந்தா அங்க போய் எத்திருவியளே! நீங்க இஞ்ச இருந்து என்னத்தப் படிக்கிய?”

“போயி மன்னிப்புக் கேட்டா அவ காது வந்திருமா?”

“வராது. எனக்கு மட்டும் எம்மவன் வந்திருவானா? ஒங்க கணக்க நம்பியா நான் வாறேன்? ஒரு எளவும் எனக்கு வெளங்கினதில்ல சாரே. வீட்டுல அவன் பேரச் சொன்னா, இன்னும் அதையே நெனச்சிட்டு இருக்காதன்னு சொல்லுதாவ. சாமியாரும் அதையே சொல்லுதாரு. இஞ்ச மட்டுந்தான் ஒருத்தரும் சொல்லமாட்டாவ. அதுக்காக்கும் இம்புட்டு தூரம் வாறேன்.”

பிரின்சி எங்கள் ஒவ்வொருவரையும் பார்த்தார். ஷார்ஜாக்காரர் தலையைக் குனிந்துகொண்டார். நானும் குனிந்துகொண்டேன். பின்னால் போக முடியும் என்று எங்களில் யாரும் நம்பியதே இல்லை. எங்களுக்கு அது முதல்நாளே தெரியும். அவருக்கு அன்றுதான் தெரிந்தது, அந்தக் கழகத்தில் உண்மையாகவே படித்துக்கொண்டிருந்தது அவர் ஒருவர்தான் என்று.

“செரி. இன்னைக்குப் பாடம் போதும்” என்றார்.

அடுத்த சனிக்கிழமை காலையில் என் கடைக்கு வந்து, “நாகர்கோவில் வரைக்கும் போணும். கூட வாறியா?” என்று கேட்டார். அதற்குமுன் அவர் யாரிடமும் துணை கேட்டு நான் பார்த்ததில்லை. கடையைப் பூட்டினேன். பஸ்ஸில் அவர் மடியில் ஒரு பொட்டலம் ஏத்தன் வாழைக்காய் வறுவல் வைத்திருந்தார்.

வடசேரி பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் சின்ன வீடு. கதவைத் திறந்தவள் அவரைப் பார்த்தாள். அழவில்லை, கோபப்படவும் இல்லை. “உள்ள வாங்கப்பா” என்றாள். அந்தச் சொல்லைக் கேட்டதும் பிரின்சி கதவு நிலையைப் பிடித்துக்கொண்டார்.

சாயாவுக்குப் பால் வைத்துவிட்டு வந்து முன்னறையில் கிடந்த பெஞ்சில் அவள் உட்கார்ந்தாள். மடியில் ஒரு முறம், உரித்துக்கொண்டிருந்த உள்ளி. பிரின்சி போய் அவள் பக்கத்தில் உட்கார்ந்தார். எந்தப் பக்கம் உட்காருகிறோம் என்று அவர் நினைக்கவில்லை. அவளுக்கு இடதுபக்கம் உட்கார்ந்துவிட்டார். எதிரே நாற்காலியில் இருந்த நான் அதைக் கவனித்தேன். எழுந்து என்னவென்று சொல்வது? அதற்குள் அவர் தரையைப் பார்த்தபடி பேசத் தொடங்கிவிட்டார்.

“அன்னைக்கு மழையில ஒன்ன நான் பஸ் ஏத்திவிட்டிருக்கப்பிடாது மக்களே. ரெண்டு நாளுன்னு நீ கேட்ட. நான் பக்கத்து வீட்டப் பாத்தேன். ஒங்கம்மை இருந்திருந்தா என்னை வெளிய அனுப்பிட்டு ஒன்ன உள்ள கூப்பிட்டிருப்பா. நான் பயந்தாங்கொள்ளி. நீ என்னை மன்னிக்கண்டாம். நான் செஞ்சது தப்புன்னு ஒனக்கு முன்னால இருந்து சொல்லிட்டுப் போகணும்னுதான் வந்தேன்.”

வழக்கத்தைவிடத் தணிந்த குரல். அவள் உள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தாள். கை மட்டும் நின்றிருந்தது. பிறகு முகத்தைத் திருப்பி அவரைப் பார்த்தாள்.

“என்னப்பா? என்னமும் சொன்னியளா?”

பிரின்சிக்கு அப்போதுதான் அந்தக் காது ஞாபகம் வந்தது. அவர் முகத்தில் அது தெரிந்தது. வாயைத் திறந்தார். மூடினார். நான் மனதுக்குள், சொல்லும், சொல்லும் என்று கத்திக்கொண்டிருந்தேன்.

“ஒண்ணுமில்ல மக்களே. சாயாவுக்குச் சீனி கொறச்சுப் போடுன்னேன்” என்றார்.

திரும்பும்போது பஸ்ஸில், “அவங்களுக்குக் கேக்கல்ல சாரே” என்றேன். “தெரியும்” என்றார். “ஒரு தடவ சொல்லதுக்கே எனக்கு இத்தன வருஷம் ஆச்சு. ரெண்டாந்தடவ வாயி வரல்ல.” அப்புறம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஆனால் போவதை நிறுத்தவில்லை. ஒரு வாரம் விட்டு ஒரு வாரம் சனிக்கிழமை நாகர்கோவில் பஸ் ஏறிவிடுவார். சிலசமயம் நானும் போவேன். இப்போது மறக்காமல் அவளுக்கு வலதுபக்கம் உட்காருவார். மழையைப் பற்றி, மீன் விலையைப் பற்றி, அவள் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளைப் பற்றியெல்லாம் பேசுவார். அவளும் பேசுவாள். ஒருநாள் அவள் வைத்த மீன்குழம்பு நன்றாயிருக்கிறது என்று இரண்டாவது தடவை சோறு கேட்டு வாங்கினார். அந்தப் பேச்சு மட்டும் வரவில்லை. வரும் வரும் என்று நானும் பார்த்தேன். ஞாயிற்றுக்கிழமை வகுப்பும் நடந்தது. பலகையில் கணக்குப் போடுவது குறைந்துபோய், நாங்கள் பேச அவர் கேட்டுக்கொண்டிருப்பார்.

அந்த வருஷ மழைக்காலத்தில் ஒரு காலையில் பால்காரன் கூப்பிட்டும் அவர் எழும்பவில்லை. தூக்கத்திலேயே உயிர் போயிருக்கிறது. மகள்தான் வந்து எல்லாம் செய்தாள். காரியமெல்லாம் முடிந்தபிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை மேல்மாடியை ஒழித்துக்கொடுக்க வந்தாள். நானும் இனயத்து அக்காவும் உதவிக்கு நின்றோம். புத்தகங்களைக் கட்டி முடித்துவிட்டு, அவள் முதல் பெஞ்சில் உட்கார்ந்தாள்.

“அண்ணே, அப்பா மொதல்ல வந்த அன்னைக்கு நீங்க எதிர்த்தாப்பில இருந்தியல்லா?”

“இருந்தேன்.”

“எனக்குக் கேட்டுது.”

நான் அக்காவைப் பார்த்தேன்.

“இந்தக் காது ஒரேயடியாப் போகல்ல. பக்கத்துல இருந்து பேசினா அங்கங்க கேக்கும். மழைன்னு கேட்டுது. பஸ்ஸுன்னு கேட்டுது. அம்மைன்னு சொன்னது நல்லாக் கேட்டுது. மீதி கேக்கல்ல. அவரு வாயால முழுசாட்டு இன்னொரு தடவ வரட்டும்னுதான் என்ன சொன்னியன்னு கேட்டேன். சீனின்னாரு.” அவள் சிரிக்கப் பார்த்தாள். “பெறவு ஒவ்வொரு சனிக்கெழமையும் இன்னைக்குச் சொல்லுவாரு, இன்னைக்குச் சொல்லுவாருன்னு இருந்தேன். நானாட்டு கேட்டிருக்கலாம். எனக்கும் வாயி வரல்ல.”

“எனக்கு ஒரு வார்த்த விடாம ஞாபகம் இருக்கு. நான் சொல்லட்டுமா?” என்றேன்.

அவள் யோசித்தாள். நான் சொல்லத் தயாராக இருந்தேன். முதல் வார்த்தை நாக்கு நுனியில் நின்றது.

“வேண்டாம் அண்ணே. நீங்க சொன்னா இனிமே எனக்கு அது ஒங்க கொரல்லதான் கேக்கும்.”

இனயத்து அக்கா எழுந்துபோய் அவளை ஒட்டி உட்கார்ந்து அவள் கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டார். ஆறுதலாக ஒன்றும் சொல்லவில்லை. அன்று அக்காவின் பஸ் வந்து போனது. அடுத்த பஸ்ஸும் போனது. மூன்று பேரும் அங்கேயே உட்கார்ந்திருந்தோம்.